கதவு திறக்கக் காத்திருந்தோர்

வடபுலத்து மலைகள் இரண்டு தோளோடு தோள் நெருங்கி நிற்க, அவற்றிடையே ஒடுங்கிய பள்ளத்தாக்கை வெண்பனி மூடிக்கிடந்த ஒரு முற்பகல். ஞாயிறு முகிலுக்குப் பின்னே துலக்காத பித்தளைத் தட்டுப்போல் மங்கித் தோன்றியது. உறைந்தும் உறையாமலும் ஓடிய ஆறு கற்களிடையே முணுமுணுத்தது. ஊசியிலை மரங்கள் தம்மேல் ஏறிய பனிச்சுமையைப் பொறுக்கும்வரை பொறுத்துப் பின் பொத்தென்று உதறின. அவ்வாற்றங்கரையில், ஒற்றை இருப்புப்பாதையின் ஓரமாய், சவானோகுச்சி நிலையம் தோளைக் குறுக்கிக்கொண்டு நின்றது.

படிக்கும் நல்லீர், ஒரு காத்திருப்பறையும் ஒரு மேடையுமே அதன் செல்வமென்று எண்ணிவிடாதீர். மலைமேல் மரம் வெட்டிய நாளில் அதற்கு நிலைய முதல்வரும், கொடி காட்டுவோரும், சுமை ஏற்றுவோரும், அவர்கள் அனைவர்க்கும் சூடான கோதுமை நூலிழைக் குழம்பு விற்ற கடையும் இருந்தன. மரம் குறைந்தது, மரத்தைத் தொடர்ந்து ஆள் குறைந்தது. கடைசி நிலைய முதல்வர் தம் தொப்பியை உறையிலிட்டுக்கொண்டு போனபின், சீட்டு விற்கும் பொறுப்பு ஊரில் ஒருத்தியிடம் வந்து சேர்ந்தது. அவளே தோகியே. சீட்டு விற்பதோடு, மேடைப்பனியை வாரித் தள்ளுவதும், கணப்பில் நீர் கொதிக்க வைப்பதும், மழைக்கு ஒதுங்கியோர்க்குக் குடை இரவல் தருவதும் அவள் பணியாயின. வண்டிகளோ காலையில் இரண்டு, உச்சிக்கு முன் ஒன்று, மாலையில் ஒன்று.

உச்சிக்கு முந்தைய வண்டியே தோகியேயின் உயிர்நாடி. அவள் கணவன் ஜுன்சோ, அதே இருப்புப்பாதையைச் செப்பனிட்டுக் காத்தவன், வலப்பக்கம் செயலிழந்து நகரத்து மருத்துவமனையில் கிடந்தான். செவிலியர் ஊட்டினால் உதட்டை இறுக்கிக்கொள்வான். அவள் ஊட்டினால் மட்டுமே நண்பகலில் நாலு வாய் கஞ்சி இறங்கும். வாழ்நாளெல்லாம் வண்டிக்கே உழைத்த வீட்டில் ஊர்தி வாங்கும் எண்ணம் எழவில்லை. அவளுக்கு ஓட்டவும் தெரியாது. ஆதலால், பயணிகள் ஏறாவிடில் இளவேனில் முதல் சவானோகுச்சியில் வண்டி நில்லாது என்று அறிவிப்பு ஒட்டப்பட்டபோது, மற்றவர்க்கு அது ஊரின் பெருமைக்கு வந்த இழுக்கு; தோகியேவுக்கோ அது ஒருவன் உண்பதா உண்ணாதிருப்பதா என்னும் கேள்வி.

ஊரார் கொதித்தெழுந்தனர். நிலையக் காப்புக் குழு பிறந்தது. மது வடிக்கும் மனையின் உரிமையாளர் கமேயாமா தலைவரானார். முடி திருத்தும் சுமிகோ பதாகை எழுதினாள். வாரந்தோறும் காத்திருப்பறையில் கூடினர், பேசினர், தோகியேயின் தேநீரைக் குடித்துத் தீர்த்தனர். கூடியோர் அனைவரும் தத்தம் ஊர்தியில் வந்து, வாயிலை அடைத்து நிறுத்தி, அவள் வாரிவைத்த பனியை மீண்டும் மிதித்துக் கலைத்துச் சென்றனர்.

ஒருநாள் அவள் பொறுமை இழந்தாள்.

"தலைவரே, ஒரு தடவயாவது ரயில்ல வந்து பாருங்களேன்."

"வரலாம் தோகியே. ஆனா ரயில் நேரம் நம்ம கூட்டத்துக்கு ஒத்து வரலியே."

"அப்போ கூட்டத்த மாத்துங்க."

"கூட்டத்த மாத்தினா எனக்குக் காரை நிறுத்த எடம் கெடைக்காது," என்றார் அவர், மெய்யான வருத்தத்தோடு.

ஏறுவோரை எண்ண இருப்புப்பாதை நிறுவனத்து அலுவலர் ஒருவர் உச்சிக்கு முந்தைய வண்டியில் வருவாரென்று செய்தி வந்தது. அன்று ஊரே திரண்டு ஏறுவதென முடிவாயிற்று. அந்த நாளும் வந்தது. வாயிலில் ஊர்திகள், மேடையில் பதாகை, கைகளில் தாள்கொடிகள். தோகியே சாளரத்தின் பின்னே அமர்ந்து சீட்டுக் கொடுத்துக்கொண்டே இருந்தாள்.

"அக்கா, இந்தச் சீட்ட எங்க குத்தணும்?" என்றாள் சுமிகோ.

"எங்கயும் குத்த வேணாம். பத்திரமா வச்சிரு. எறங்கும்போது டிரைவர்கிட்ட குடு. பின் கதவுல ஏறு, புரியுதா? எல்லார்கிட்டயும் சொல்லு."

"சொல்றேன் சொல்றேன். என் முடி நல்லா இருக்கா? போட்டோ எடுப்பாங்களாம்."

சுமிகோ யாரிடமும் சொல்லவில்லை. கமேயாமா சொற்பொழிவைத் தொடங்கியிருந்தார். மலையின் பழமையில் தொடங்கி ஆற்றின் அருமைக்கு அவர் வந்து சேர்ந்த வேளையில், தொலைவில் வண்டி ஊதியது. தோகியே சாளரத்தை மூடி, கணவனின் துவைத்த உடையும் ஊறிய முள்ளங்கியும் வைத்துக் கட்டிய துணிமூட்டையை எடுத்துக்கொண்டு, கூட்டத்தைச் சுற்றி விரைந்தாள்.

வண்டி நின்றது. ஊரார் முன்கதவின் எதிரே, நூல் பிடித்தாற்போல் இரு வரிசையாய், ஒருவரையொருவர் இடியாமல், குழந்தைகள்கூட அசையாமல், கதவு திறக்கும் என்று காத்து நின்றனர். அந்தோ, குளிர் புகாதிருக்க அவ்வழி வண்டிகளின் கதவுகள் தாமே திறப்பதை நிறுத்திப் பல்லாண்டு ஆயிற்று; ஏறுவோர் பின்கதவின் அருகிலுள்ள குமிழை அழுத்தவேண்டும். அதை ஊரில் அறிந்தவள் ஒருத்தியே. நாள்தோறும் செய்வதுபோல் அவள் பின்கதவின் குமிழை அழுத்தி ஏறினாள். நாள்தோறும் செய்வதுபோல், உள்ளிருப்போர் நடுங்காதிருக்க, உட்புறத்துக் குமிழை அழுத்திக் கதவை மூடினாள். மூடியபின்னரே திரும்பிப் பார்த்தாள்.

கண்ணாடிக்கு வெளியே வரிசை அப்படியே நின்றது. முதலில் நின்ற கமேயாமா பின்னால் திரும்பி மூத்தவர் ஒருவரை முன்னே செல்லுமாறு கைகாட்ட, அம்மூத்தவர் தலைதாழ்த்தி மறுத்து அவரையே செல்லப் பணித்துக்கொண்டிருந்தார். தோகியே குமிழை மீண்டும் அழுத்தினாள். குமிழின் விளக்கு அணைந்திருந்தது; ஓட்டுநர் கதவுகளைப் பூட்டிவிட்டார். கண்ணாடியைத் தட்டினாள்.

"இந்தப் பக்கம் வாங்க. பட்டன அழுத்துங்க."

கொடிகளைக் கண்ட ஓட்டுநர், யாரையோ வழியனுப்பும் விழா என்று எண்ணி, மரியாதையாய் ஊதி, குறித்த நேரத்தில் வண்டியை எடுத்தார். வண்டி நகரக் கண்டதும் ஊரார் கைகள் தாமாகவே உயர்ந்து கொடியசைத்தன. கமேயாமா இடுப்பு மடிய வணங்கினார்.

எண்ண வந்த இளைஞர் எதிரில் அமர்ந்திருந்தார்.

"உங்கள வழியனுப்பவா அம்மா இவ்ளோ பேரு?"

"இல்ல தம்பி. அவங்கல்லாம் ஏற வந்தவங்க."

"ஏறலியே."

"கதவு தானா திறக்கும்னு நின்னுட்டாங்க."

அவர் தம் தாளில் ஒரே ஒரு கோடு கிழித்தார். "வருத்தமாத்தான் இருக்கு. ஆனா நான் ஏறினவங்களத்தான் எண்ண முடியும்," என்றார்.

மாலை வண்டியில் அவள் திரும்பியபோது, குற்றம் செய்த பூனைகள்போல் அனைவரும் அவள் கணப்பைச் சுற்றி அமர்ந்திருந்தனர்.  தேநீர் தீர்ந்திருந்தது.

"பட்டன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே தோகியே," என்றார் கமேயாமா.

"ஒரு நாள் ஏறியிருந்தா சொல்லவே வேண்டியிருந்திருக்காது."

"வரிசையாவது நேரா இருந்துச்சு இல்லக்கா?" என்றாள் சுமிகோ, மெல்ல.

"இருந்துச்சுடி. சாவு வீட்ல கூட இவ்ளோ நேரா நின்னு பார்த்ததில்ல."

 தோகியே வாரியலை எடுத்து, அவர்கள் கால்களுக்கு இடையே உருகிக்கிடந்த பனிநீரைப் பெருக்கத் தொடங்கினாள். சினத்தில் பாதி அவர்கள்மேல்; மறுபாதி, கதவை மூடிய தன் விரல்மேல். 

இளவேனில் வந்தது. வண்டி நில்லாது சென்றது. ஆயினும் அக்குழு கலையவில்லை. ஜுன்சோவின் நண்பகற்கஞ்சியைத் தம் பொறுப்பாக்கிக்கொண்டு, தோகியேயை முறைவைத்து நகருக்கு அழைத்துச் செல்வதென்று முடிவுசெய்தது. முதல் முறை தலைவருடையது.

குறித்த வேளையில் கமேயாமாவின் ஊர்தி மூடிய நிலையத்தின் முன் வந்து நின்றது. துணிமூட்டையை மார்போடு அணைத்தபடி தோகியே அதன் கதவருகே சென்று நின்றாள். உள்ளே அவர் முன்னோக்கி அமர்ந்திருந்தார். வெளியே அவள் நேராக நின்றாள். கூரையிலிருந்து உருகும் பனி சொட்டியது. அவர் ஏன் திறக்கவில்லை என்று அவளுக்குள் எரிச்சல் மூண்டது. இங்கும் இம்மனிதர் காக்கவைப்பார் போலும் என்று பல்லைக் கடித்தாள். வெகுநேரங்கழித்துக் கண்ணாடி இறங்கியது.

"தோகியே, அது தானா திறக்காது. நீதான் இழுக்கணும்."

அவள் வாழ்வில் ஏறிய ஊர்திகள் வாடகை ஊர்திகள் மட்டுமே. அவற்றின் கதவை ஓட்டுநரே உள்ளிருந்து திறந்துவிடுவார். அவள் கைப்பிடியைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள்.

"எறங்கி வந்து சொல்லியிருக்கலாமே தலைவரே."

"நீ ஏதோ யோசனைல நிக்கறேன்னு நெனச்சேன். குறுக்க பேச வேணாம்னு இருந்துட்டேன்."

அப்போது அப்பாலுள்ள பாதையில், உச்சிக்கு முந்தைய வண்டி, நேரம் தவறாமல், ஏறுவார் எவருமின்றி ஓசையிட்டுக் கடந்தது. இருவரும் பேச்சை நிறுத்தி, அது வளைவில் மறையும்வரை தலைதாழ்த்தி இருந்தனர். பின்னர் அவள் கைப்பிடியை இழுத்தாள்.

நல்லீர், ஒன்றை நேசிப்பது வேறு, அதில் ஏறிச் செல்வது வேறு. நேசித்தவர் மேடையில் நிற்க, ஏறியவள் தனியே சென்றாள்; அவள் ஊர்திக் கதவருகே நின்றபோதோ, நேசித்தவரே அதைத் திறக்கும் வழி சொன்னார். அன்று நண்பகல், சற்றே காலந்தாழ்ந்து, ஜுன்சோ வாய் திறந்து உண்டான்.