உம்மணாமூஞ்சியும் ஓட்டைவாயும்

கடல் காட்சியகத்தின் பின்பக்க அறையில் தொட்டி கழுவி, மீன்களுக்கு இரை போடுகிறவரை அவர் மனைவியே ஓட்டைவாய் என்றுதான் கூப்பிடுவாள். கெட்ட மனுஷர் இல்லை. மனசுக்கும் வாய்க்கும் நடுவில் எல்லோருக்கும் இருக்கிற கதவை அவருக்கு மட்டும் வைக்க மறந்துவிட்டார்கள், அவ்வளவுதான்.

அவர் பொறுப்பில் ஒரு ஜந்து இருந்தது. ஆழ்கடலில் வலை போட்டவர்கள் கொண்டுவந்து கொடுத்தது. ஊறிப்போன தலையணைக்கு ஒற்றைக் கண்ணும் கீழே தொங்கின உதடும் வைத்த மாதிரி இருக்கும். உலகத்தின் மேலேயே கோபம் என்பதுபோல மூலையில் கிடக்கும். உம்மணாமூஞ்சி என்று பேர் வைத்தார்.

அதைப் பயமுறுத்தினால் உப்பும். உப்பினால் அந்த அறைக்குள் நேரம் கொஞ்சம் பின்னால் போய்விடும். கடலடியில் பெரிய மீன் வாயைத் திறந்துகொண்டு வந்தால், வாய் திறப்பதற்கு முந்தைய நிமிஷத்துக்குப் போய் அது நகர்ந்துகொள்ளும் போல. துடைத்த தரையை மறுபடி துடைக்க நேர்ந்தபோது ஓட்டைவாய்க்கு முதலில் மூளை குழம்பிவிட்டதோ என்றிருந்தது. பிறகுதான் புரிந்தது: தொட்டித் தண்ணீர் கையில் பட்டவர்களுக்கு நடந்தது ஞாபகம் இருக்கும், மற்றவர்களுக்கு இருக்காது. வெளியில் மூச்சு விடவில்லை. அவர் வாழ்க்கையில் காப்பாற்றிய ஒரே ரகசியம் அதுதான்.

அவர் மகள் ஒரு பையனை விரும்பினாள். பையனின் அம்மா பல் டாக்டர். "வீட்டுக்கு வந்தா எல்லாரும் நல்லவங்களாத்தான் இருப்பாங்க. வேலை செய்யற இடத்துல பார்க்கறேன்" என்று சொல்லி நேரே காட்சியகத்துக்கே வந்துவிட்டார். மனைவி, மகள், பையன் மூவரும் ஆமைத் தொட்டி முன்னால் நின்றுகொள்ள, டாக்டரம்மா மட்டும் பின்பக்க அறைக்குள் வந்தார். ஓட்டைவாய் ஸ்டூலைத் துடைத்துப் போட்டார். டாக்டரம்மா உட்கார்ந்தார்.

"என் பையனைப் பத்தி என்ன நினைக்கறீங்க?"

"தங்கமான பையன். சிரிச்சாத்தான் பல்லைவிட ஈறு ஜாஸ்தியா தெரியுது. நீங்க பல் டாக்டர்னு சொன்னாங்களே?"

டாக்டரம்மாவின் முகம் இறுகியது. ஓட்டைவாய் தொட்டிக் கண்ணாடியில் படாரென்று தட்டினார். உம்மணாமூஞ்சி உப்பியது. டாக்டரம்மா மறுபடி முதலிலிருந்து ஸ்டூலில் உட்கார்ந்தார்.

"என் பையனைப் பத்தி என்ன நினைக்கறீங்க?"

"அப்படியே உங்க ஜாடை. உங்களுக்கு வயசே தெரியலைங்க. முன்னாடி ரெண்டும் கட்டின பல்லா?"

படார்.

மூன்றாம் தடவை உதட்டைக் கடித்துக்கொண்டு தலையை மட்டும் ஆட்டினார். பார்ப்பதற்கு வயிற்றுவலிக்காரன் மாதிரி இருந்தது. அதுவும் சரிப்படவில்லை. நாலாம் தடவை மரியாதையாகவே ஆரம்பித்தார். "தனியா ஆஸ்பத்திரி வச்சு, தனியா பிள்ளையை ஆளாக்கியிருக்கீங்க. ஒரு வகையில உங்க வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்ததும் நல்லதாப் போச்சு."

சொல்லி முடிக்குமுன்பே அவர் கை கண்ணாடிக்குப் போய்விட்டது.

இந்தத் தடவை டாக்டரம்மா கேள்வி கேட்கவில்லை. காலை ஆட்டிக்கொண்டு அவரையே பார்த்தார்.

"இப்ப எதை எடுக்கப் போறீங்க? ஈறா, கட்டின பல்லா, எங்க வீட்டுக்காரரா?"

ஓட்டைவாய் கையிலிருந்த துணியைக் கீழே போட்டார்.

"நீங்க ஸ்டூலைத் துடைச்சப்போ இந்தத் தண்ணியில விரலை விட்டுப் பார்த்தேன். முதல் தடவை தலை சுத்தல்னு நினைச்சேன். அப்புறம் நீங்க தட்டறதைக் கவனிச்சேன். எப்படி? முகம் மாறாம அதே கேள்வியைக் கேட்டேன் பாருங்க!"

"மன்னிச்சுடுங்க டாக்டரம்மா. என் வாய்க்கும் எனக்கும் சம்பந்தமே இல்லை."

"இருக்கட்டும். இப்ப என் முறை." டாக்டரம்மா எழுந்து, கதவுப்பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு தொட்டி ஓரத்தில் நின்றார். இத்தனை வருஷம் பிறர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தவர் தன் வாயைத் திறந்தார்.

"என் பையன் சோம்பேறி. சாப்பிட்ட தட்டு தானா நடந்து போய்க் கழுவிக்கும்னு நினைக்கறவன். உங்க பொண்ணு பேச ஆரம்பிச்சா ஊசி போட்டுத்தான் நிறுத்தணும். சீக்கிரம் ரெண்டையும் சேர்த்து வச்சுட்டு நான் தனி வீடு பார்த்துப் போகணும். இன்னொண்ணு. எங்க வீட்டுக்காரர் போனது நிஜமாவே நல்லதாத்தான் போச்சு. அந்த மனுஷன் இருந்தவரைக்கும் நான் வாய்விட்டுச் சிரிச்சதே இல்லை. இதை யார்கிட்டயும் சொன்னதில்லை."

சொல்லிவிட்டுக் கண்ணாடியில் ஓங்கித் தட்டினார்.

உம்மணாமூஞ்சி ஒற்றைக் கண்ணைத் திறந்து பார்த்தது. அலுத்துப்போய் மூடிக்கொண்டது. ஓட்டைவாய் தட்டினார், இருவரும் சேர்ந்து தட்டினார்கள், அது அசையவில்லை. டாக்டரம்மா திரும்பினால், கதவருகில் மூன்று பேரும் நிற்கிறார்கள். முன்னால் ஓட்டைவாய் தட்டின சத்தம் கேட்டு வந்திருந்தார்கள். வந்து கொஞ்ச நேரமாகியிருந்தது.

டாக்டரம்மா ஸ்டூலைத் தேடி உட்கார்ந்தார்.

பையன்தான் முதலில் பேசினான். "எனக்குத் தெரியும்மா."

"என்னடா தெரியும்?"

"அப்பா போன அன்னைக்கு எல்லாரும் போனப்புறம், நீங்க சமையல்கட்டுல தனியா உட்கார்ந்து வயிறு நிறைய சாப்பிட்டீங்க. ரேடியோவைச் சத்தமா வச்சுக்கிட்டீங்க. நான் கதவுக்குப் பின்னாலதான் நின்னேன். எனக்கும் அப்பதான் பசிச்சுது."

டாக்டரம்மா அழுதாரா சிரித்தாரா என்று சொல்ல முடியாதபடி ஒரு சத்தம் வந்தது. ஓட்டைவாயின் மனைவி பக்கத்தில் போய்த் தோளைப் பிடித்துக்கொண்டாள். மகள் மட்டும், "ஊசி எல்லாம் வேண்டாம் அத்தை, சொன்னாலே நிறுத்திடுவேன்" என்று தொடங்கி வெகுநேரம் நிறுத்தவில்லை.

கல்யாணம் அங்கேயே பேசி முடிந்தது. கிளம்பும்போது டாக்டரம்மா ஓட்டைவாயின் முகவாயைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பினார். "கடைவாய்ப் பல் சொத்தை. இன்னிக்கு எவ்வளவு தூரம் திறந்து காட்டினீங்க! திங்கட்கிழமை வாங்க."

ஓட்டைவாய் போனார். சாய்வு நாற்காலியில் அவரைப் படுக்கவைத்து, வாயில் பஞ்சை அடைத்துவிட்டு, டாக்டரம்மா தான் பார்த்து வைத்திருக்கிற வீட்டைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். கிழக்குப் பார்த்த ஜன்னல், சின்ன சமையல்கட்டு, ஒரே ஒரு தட்டு. ஓட்டைவாய்க்குச் சொல்வதற்கு நிறைய இருந்தது. கண்ணை மட்டும் உருட்டிக்கொண்டு கடைசிவரை கேட்டார்.