சரிபார்த்தவர்: டெல்ஃபீன் ராய்

சிகாகோ பதிப்பகத்தார் அனுப்பிய பட்டியலில் குழந்தைகளுக்கு வைக்க நூற்றுப் பன்னிரண்டு பெயர்கள் இருந்தன. எல்லாம் அமெரிக்கப் பழங்குடியினரான ஒஜிப்வே மக்களின் பெயர்களாம், எதிரே அர்த்தமும் உண்டு. ஒஜிப்வே அகராதிக்காக முப்பது வருடம் உழைத்த டெல்ஃபீன் ராய் மூன்று வாரம் உட்கார்ந்து நூற்று நான்கைச் சிவப்பு மையால் அடித்தாள். ‘செனாலா - நிலவில் நடப்பவள்’ என்பதைப் பார்த்ததும் சிரித்தேவிட்டாள். ஒஜிப்வே பேச்சில் ‘ல’ என்ற ஓசையே கிடையாது. எவனோ வேலையில்லாதவன் இட்டுக்கட்டியது என்று ஓரத்தில் எழுதினாள்.

இலையுதிர் காலத்தில் புத்தகம் வந்தது. நூற்றுப் பன்னிரண்டும் அப்படியே இருந்தன. அட்டையில் கொட்டை எழுத்தில், ‘சரிபார்த்தவர்: டெல்ஃபீன் ராய், ஒஜிப்வே மொழி அறிஞர்.’

போனில் கத்தினாள். பதிப்பகத்துப் பெண் தேனொழுகப் பேசினாள்.

“நீங்க சரிபார்த்தீங்கதானே மேடம்? எல்லாம் சரின்னு சொன்னீங்கன்னு நாங்க எங்கயும் போடலையே.”

“நான் அடிச்ச பேரை எதுக்கும்மா வச்சிருக்கீங்க?”

“மிச்சம் எட்டுதான் மேடம். எட்டை வச்சு ஒரு புத்தகம் போட முடியுமா? அந்த எட்டும் வாய்லயே நுழையல.”

வக்கீலிடம் போனாள். பெயரைப் போட்டுக்கொள்ளலாம் என்று நீங்களே கையெழுத்துப் போட்டிருக்கிறீர்களே என்று அவர் உதட்டைப் பிதுக்கினார். திரும்பும் வழியில் ஊர்க் கடையில் இருந்த மூன்று பிரதிகளையும் வாங்கி வந்து கட்டிலுக்கடியில் தள்ளினாள். யாரிடமும் மூச்சு விடவில்லை. வெட்கம் பிடுங்கித் தின்றது.

டிசம்பரில் அவள் தம்பி மகள் ரெனே ஆறு வாரக் குழந்தையோடு வந்தாள். மினியாபொலிஸ் நகரத்தில் வளர்ந்தவள், ஒஜிப்வேயில் நாலு வார்த்தை சேர்ந்தாற்போல் வராது.

“நம்ம முறைப்படி புகையிலைக் காணிக்கை வச்சு உங்ககிட்டதான் பேரு கேக்கணும்னு இருந்தேன் அத்தை. தப்பா ஏதாவது பண்ணிடுவேனோன்னு பயம். அப்புறம் எங்க ஊர்க் கடையில அந்தப் புக்கைப் பாத்தேன். மேல உங்க பேரு! அங்கயே அழுதுட்டேன். எங்க அத்தை பாத்த பேருல தப்பு இருக்குமா? செனாலான்னு பதிஞ்சாச்சு. அர்த்தம் எவ்வளவு அழகு, இல்ல?”

குழந்தை டெல்ஃபீனின் மடியில் தூங்கிக்கொண்டிருந்தது. ‘ஆமாம்’ என்று ஒரு வார்த்தை சொன்னால் பெண் சந்தோஷமாகப் போய்விடுவாள். அந்த ஒரு வார்த்தை அவளுக்கு வரவில்லை. உள்ளதைச் சொன்னாள்.

ரெனேவின் முகம் சுண்டிப்போயிற்று.

“அப்போ உங்க பேரு எதுக்கு அதுல இருக்கு?”

“நான் அடிச்சுதான் அனுப்பினேன் கண்ணு. அவங்கதான் அப்படியே போட்டுட்டாங்க. போன்ல சண்டை போட்டேன், வக்கீல்கிட்டகூடப் போனேன்...”

“அவங்களுக்கு எழுதினீங்க. சண்டை போட்டீங்க. வக்கீல்கிட்ட போனீங்க. எனக்கு ஒரு போன் பண்ணீங்களா? நான் மாசமா இருந்தது உங்களுக்குத் தெரியும்ல?”

தெரியும். வளைகாப்பு மாதிரி நடந்த விருந்துக்குக் காட்டரிசிச் சோறு சமைத்துக் கொடுத்ததே அவள்தான். புத்தகம் வந்தபோது தன் பெயர் கெட்டுப்போனது மட்டுமே அவள் கண்ணுக்குத் தெரிந்தது.

“மாத்திக்கலாம் கண்ணு. நானே ஒரு பேரு...”

“வேணாம் அத்தை.”

ரெனே குழந்தைக்காக இரண்டு கையையும் நீட்டினாள். டெல்ஃபீன் கொடுத்துவிட்டாள்.