முதலாளிக்குப் பின்னால் பத்தடி

தையல் பட்டறையில் பதினோரு வருடம் நின்றபடியே இஸ்திரி போட்டவளை முதலாளி ஒரே நாளில் வெளியே தள்ளினார். அவருடைய மச்சினிக்கு ஒரு வேலை தேவைப்பட்டது. அதை நேராகச் சொல்லியிருந்தால்கூடப் பொறுத்திருப்பாள். அத்தனை தையல்காரர்கள் முன்னாலும், "நாலு எட்டு வைக்கிறதுக்குள்ள மூச்சு வாங்குது. உன்னை வச்சுக்கிட்டு நான் என்ன பண்றது?" என்று சிரித்தார்.

ஒரு வாரம் சுவரைப் பார்த்துப் படுத்துக் கிடந்தாள். பிறகு எழுந்து விசாரித்தாள். அவர் தினமும் காலை ஆறு மணிக்கு ஏரியைச் சுற்றி நடக்கிறாராம்.

"அங்க போய்ச் சண்டை போடப் போறியா?" என்றாள் அக்கா.

"ஒண்ணும் பண்ண மாட்டேன். அந்த ஆளு நிம்மதியா நடக்கக் கூடாது. அவ்வளவுதான்."

ரப்பர் செருப்போடு, பத்தடி தள்ளி, வாய் திறக்காமல் அவருக்குப் பின்னால் நடந்தாள். முதல் நாள் கால்வாசிச் சுற்றுக்குள் முழங்கால் கெஞ்சியது. கல் பெஞ்சில் உட்கார்ந்து, அவர் முதுகு மறையும்வரை முறைத்தாள்.

ஒரு மாதத்தில் முழுச் சுற்றும் கைவந்தது. நின்று நின்று வந்த கால் வீக்கம் வடிந்தது. சோறு ருசித்தது, படுத்ததும் தூக்கம் அடித்துப்போட்டது. ஒரு நாள் நாணலுக்குள் நீர்க்கோழி குஞ்சுகளோடு போவதைப் பார்த்துச் சிரித்துவிட்டாள். வந்த வேலை ஞாபகம் வந்ததும் முகத்தை இறுக்கிக்கொண்டாள்.

அவர் மாலைக்கு மாறினார். இவளும் மாறினாள். மறுபடி காலைக்கு வந்தார். இவள் முன்னாலேயே வந்து நின்றாள்.

மூன்றாம் மாதம் அவர் பொறுக்கமாட்டாமல் திரும்பினார். "எதுக்கு என் பின்னாலயே வர்ற?"

"ஏரியை உங்க பேர்ல எழுதி வச்சிருக்கா?"

அவருக்கு நெஞ்சு ஏறி இறங்கியது. இவள் குரலில் ஒரு தடுமாற்றம் இல்லை.

"மூச்சு வாங்குதே, உட்கார்ந்துட்டு மெதுவா வாங்க" என்று சொல்லி அவரைத் தாண்டிப் போனாள்.

அதன் பிறகு அவர் ஏரிப் பக்கம் வரவில்லை. வீட்டுக்குள்ளேயே நடக்க விலை உயர்ந்த மெஷின் வாங்கிவிட்டார் என்று பழைய தையல்காரர் ஒருவர் சொன்னார். மறுநாள் காலை அவள் அவர் வீட்டுத் தெருவழியாகப் போனாள். ஜன்னலுக்குள் முதலாளி வெள்ளைச் சுவரைப் பார்த்தபடி வியர்க்க விறுவிறுக்க நடந்துகொண்டிருந்தார், இருந்த இடத்திலேயே. அவர் தன்னைப் பார்க்கும்வரை அவள் நகரவில்லை. பார்த்தார். இறங்கி வந்து திரையை இழுத்துவிட்டார்.

அவளுக்கு நெஞ்சு குளிர்ந்தது. அவள் புதிதாக வேலைக்குச் சேர்ந்திருந்த சலவைக்கடை திறக்க இன்னும் ஒரு மணி நேரம் இருந்தது. ஏரியை நோக்கி எட்டி நடை போட்டாள்.