ஆண்டவர் கிராப்பு

விபூதிப் புதன்கிழமை, காலை ஒன்பதே கால். பள்ளிக்கூடத்துப் பூவரச மரத்தடியில் நாவிதர் பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எதிரே பள்ளி இறுதி வகுப்பான ஆறாம் பாரத்து மாணவர்கள் மூன்று பேர் நின்றார்கள். மூவருக்கும் முடி சட்டைக் காலரைத் தாண்டியிருந்தது.

தலைமையாசிரியர் ஏசுவடியான் பிரம்பை முதுகுக்குப் பின்னால் பிடித்திருந்தார். நாசரேத்துக்காரர், புராட்டஸ்டண்டு சபை. கொட்டகையில் என்ன படம் ஓடுகிறது என்பதை மாணவர்களின் பிடரியைப் பார்த்தே சொல்லிவிடலாம் என்பது அவர் கருத்து.

"பாட்டுப் பாடுதவனுக்கு முடி வேணும். அல்ஜீப்ரா போடுதவனுக்கு எதுக்குல?"

முதல் பையன் உட்கார்ந்து தலையைக் குனிந்தான். அவன் முடி மண்ணில் விழுந்தது.

இரண்டாவதாக நின்றவன் கஸ்பார். தோணி ஓட்டும் தண்டலின் மகன். காலைப் பூசையில் பூசிய சாம்பல் நெற்றியில் இன்னும் இருந்தது. முடி, பக்கத்துத் தெரு விக்டோரியாவுக்காக வளர்த்தது. போன வருஷம் கொட்டகை வாசலில், விளம்பரத் தட்டியில் இருந்த கதாநாயகனைக் காட்டி, "முடின்னா இதுல்லா முடி" என்று அவள் தோழியிடம் சொன்னாள். அதன் பிறகு கஸ்பார் முடி வெட்டப் போகவில்லை. கிறிஸ்துமஸுக்கு அவனைக் கோயில் வாசலில் பார்த்தபோது, "இன்னும் நாலு விரக்கடை வளரட்டும்ல. பொறவு எங்கய்யாட்ட வந்து கேளு" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அவன் அதை வாக்காக எடுத்துக்கொண்டான். மார்ச்சில் பரீட்சை. அதன் பிறகு துறைமுகத்து ஆபீஸ் ஒன்றில் குமாஸ்தா வேலை. ஈஸ்டர் கழிந்ததும் பெண் கேட்பது. இவ்வளவும் முடிவாகியிருந்தது. விக்டோரியாவிடம் மட்டும் இன்னும் சொல்லவில்லை.

"உக்காருல" என்றார் ஏசுவடியான்.

"வெட்டக் கூடாது சார்."

"யாரு சொன்னா?"

வாயிலிருந்து வந்த பிறகுதான் அது என்னவென்று கஸ்பாருக்கே தெரிந்தது.

"இந்த வருஷம் எங்க கோயில் பாஸ்குல நாந்தான் ஆண்டவர் வேஷம் கட்டுதேன் சார்."

நாவிதர் கத்தியை மடக்கினார்.

"எந்த ஆண்டவர்?"

"நம்ம ஆண்டவர்தான் சார்."

ஏசுவடியான் யோசித்தார். நாடகம் அவர் சபைக்கு ஆகாது. ஆண்டவரின் பாடுகளைப் பெரிய வெள்ளியன்று மேடை கட்டி ஆடிக் காட்டும் இந்தக் கத்தோலிக்கரின் பாஸ்கு அதைவிட ஆகாது. ஆனால் ஆண்டவருக்குக் கிராப்பு வெட்டிவிட்டவர் ஏசுவடியான் என்று ஊரில் பேச்சு வருவது எல்லாவற்றையும்விட ஆகாது.

"பெரிய வெள்ளிக்கு நான் வருவேன்" என்றார். "சிலுவையில வேற ஆள் தொங்குனான்னா, உன் நன்னடத்தைச் சான்றுல அத எழுதுவேன். பொறவு ஒரு ஆபீஸ் வாசல்லயும் நீ நிக்க முடியாது."

மூன்றாவதாக நின்ற காசிலிங்கம் எல்லாவற்றையும் கவனமாகக் கேட்டுக்கொண்டிருந்தான். பலசரக்குக் கடைக்காரர் மகன்.

"சார், இது திருச்செந்தூருக்கு நேந்த முடி" என்றான்.

தலைமையாசிரியர் அன்றைக்கே அவன் அப்பாவுக்கு ஆள் அனுப்பி விசாரித்தார். மகனுக்குள் இப்படி ஒரு பக்தி இருப்பது தெரியாமல் போயிற்றே என்று கடைக்காரர் கண் கலங்கினார். ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு திருச்செந்தூர் போனார்கள். திங்கட்கிழமை காசிலிங்கம் மொட்டைத் தலையில் சந்தனத்தோடு வகுப்புக்கு வந்தான்.

"நீ பொழச்சுக்கிட்டலே" என்றான் கஸ்பாரிடம். "உங்க சாமி முடி வச்சிருக்காரு. எங்க சாமி முடிய வாங்கிக்கிடுதாரு."

கஸ்பார் பிழைத்தது அவ்வளவு சுலபமாக இல்லை. புதன்கிழமை சாயங்காலமே அவன் தொம்மை அண்ணாவியைத் தேடிப் போயிருந்தான். பாஸ்குவைச் சொல்லிக்கொடுத்து நடத்துபவர் அவர். இருபது வருஷமாக ஆண்டவர் வேஷமும் அவரே. தலையில் ஒரு முடி கிடையாது. பனந்தும்பு நாரில் செய்த டோப்பா வைத்துக்கொள்வார். வேர்வையில் அது அரிக்கும். சிலுவையில் கை கட்டிக் கிடக்கும்போது சொறிய முடியாது. அவர் முகம் போகிற போக்கைப் பார்த்து சனங்கள் அழுவார்கள்.

அண்ணாவி கஸ்பாரின் முடியை இழுத்துப் பார்த்தார்.

"சொந்த முடியா?"

"சொந்தந்தான் அண்ணாவி."

"வாலிபப் பயலுவ அம்புட்டுப் பேரும் யூதாஸ் வேஷந்தாம்ல கேக்கான். அதுலதான் துட்டும் உண்டு, முத்தமும் உண்டு. ஆண்டவர் வேணும்னு வந்தவன் நீ ஒருத்தந்தான்."

பிறகு நிபந்தனைகளைச் சொன்னார். ஆண்டவர் வேஷம் கட்டுபவன் ஈஸ்டர் வரைக்கும் தபசு காலம் முழுவதும் மீன் தின்னக் கூடாது. தரையில் படுக்க வேண்டும். கெட்ட வார்த்தை பேசக் கூடாது. பொம்பளைப் பிள்ளைகளிடம் நின்று பேசக் கூடாது. சினிமா கூடவே கூடாது.

"முடி?" என்றான் கஸ்பார்.

"முடியில கத்தி படக் கூடாது."

கஸ்பார் ஒத்துக்கொண்டான். சினிமாக் கிராப்பைக் காப்பாற்றச் சினிமாவை விட வேண்டியிருந்தது. தபசு காலம் தீர்ந்துவிடும், முடி இருக்கும் என்று கணக்குப் போட்டான்.

ஒத்திகை கோயிலுக்குப் பின்னால் நடந்தது. ஆண்டவர் பிடிபடுமுன் பாடும் ஒலிவத் தோட்டத்துப் பாட்டை அண்ணாவி பழைய மெட்டில் சொல்லிக்கொடுத்தார். கஸ்பார் அதைக் கொட்டகையில் கேட்ட விதமாக இழுத்தும் குழைத்தும் பாடினான். அவனுக்கு வேறு விதமாகப் பாடத் தெரியாது. வலை முடைந்துகொண்டிருந்தவர்கள் கையை நிறுத்தினார்கள்.

"எங்கனல இத படிச்ச?" அண்ணாவி துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"செபம் பண்ணும்போது தானா வந்தது அண்ணாவி."

மூன்றாவது வாரத்தில் ஊர் மாறியது. மீன் ஏலம் நடக்கும் இடத்தில் அவன் வந்தால் பெண்கள் வசவை நிறுத்தினார்கள். கள் குடித்தவர்கள் வேறு சந்து வழியாகப் போனார்கள். அம்மா அவனை 'ஏலே' என்று கூப்பிடுவதை விட்டாள். முதலில் அவனுக்கு அது பிடித்திருந்தது. பிறகு யாரும் அவனோடு சீட்டாட வரவில்லை. தெருப் பையன்கள் நாவிதரிடம் போய் 'ஆண்டவர் கிராப்பு' வேண்டும் என்று கேட்டார்கள். கொட்டகை வாசலில் புதுப் படத்தின் தட்டியைப் பார்த்து ஒரு கிழவி சிலுவை போட்டுக்கொண்டாள்.

பரீட்சை வந்தது. கஸ்பார் எழுதினான். ஏசுவடியான் அவன் பக்கத்தில் வந்தபோது நடையை மெதுவாக்கினார்.

விக்டோரியாவை அவன் தெருவில் இரண்டு மூன்று தடவை பார்த்தான். முன்பெல்லாம் அவள் நேராகப் பார்த்துச் சிரிப்பாள். இப்போது முந்தானையைத் தலையில் இழுத்துவிட்டு, சுவரோரம் ஒதுங்கி, கண்ணைத் தாழ்த்திக்கொண்டாள்.

"வெக்கப்படுதா" என்றான் காசிலிங்கத்திடம்.

காசிலிங்கம் மொட்டைத் தலையைத் தடவினான். "எங்க அத்தையும் கோயில்ல சாமியப் பாத்து இப்படித்தாம்ல நிப்பா."

"ஒனக்குப் பொறாமை."

"எனக்கு முடி இல்ல. கண்ணு இருக்கு."

பெரிய வெள்ளி இரவு கோயில் மைதானம் கொள்ளவில்லை. வழக்கமாகக் கிழடுகளும் குழந்தைகளும் வருகிற இடம். அன்று கொட்டகைக் கூட்டம் முழுவதும் வந்திருந்தது. ஒலிவத் தோட்டத்துப் பாட்டுக்கு யாரோ ஒருவன் பின்னாலிருந்து 'ஒன்ஸ்மோர்' கேட்டான். பக்கத்திலிருந்தவர்கள் அவனை அடக்கினார்கள். கஸ்பார் சிலுவையைச் சுமந்தான், விழுந்தான், சவுக்கடி வாங்கினான். சிலுவையில் தூக்கி நிறுத்தியபோது மேலேயிருந்து எல்லாம் தெரிந்தது. பெண்கள் பக்கம் முதல் வரிசையில் விக்டோரியா முழந்தாளில் நின்று தேம்பித் தேம்பி அழுதுகொண்டிருந்தாள். தனக்காக ஒருத்தி இப்படி அழுவது அவனுக்குப் புதிது. உயிர் விடும் கட்டத்தில் அவன் முகம் மலர்ந்தது. அதையும் சனங்கள் சரியாகவே எடுத்துக்கொண்டார்கள்.

திரை விழுந்ததும் ஏசுவடியான் மேடைக்குப் பின்னால் வந்தார். கண் சிவந்திருந்தது.

"சினிமாவப் பாத்துக் கெட்டுப் போற பயலுவளுக்கு நீ ஒரு பாடம்ப்பா" என்றார். "சான்றுல நான் அத எழுதுதேன்."

எழுதியும் கொடுத்தார். அதைக் காட்டிய ஆபீசில் மறு கேள்வி இல்லை. பரீட்சை முடிவு வந்ததும் சேர்ந்துகொள்ளச் சொன்னார்கள்.

ஈஸ்டருக்கு அடுத்த வாரம், தலைக்கு எண்ணெய் தேய்த்து நடுவகிடு எடுத்து, கஸ்பார் விக்டோரியாவின் தெருவுக்குப் போனான். தபசு காலம் முடிந்திருந்தது. நின்று பேசலாம். அவள் தண்ணீர்க் குடத்தோடு எதிரே வந்தாள். அவனைக் கண்டதும் குடத்தை இறக்கி வைத்தாள்.

"ஒங்களத்தான் பாக்க வரணும்னு இருந்தேன்" என்றாள்.

'ஒங்கள' என்றது அவன் காதில் விழுந்தது. நல்ல அடையாளம் என்று நினைத்தான். கட்டிக்கொள்ளப் போகிறவனை அப்படித்தான் சொல்வார்கள்.

"நானும் அதுக்குத்தான் வந்தேன்" என்றான். "ஒங்கய்யாவப் பாத்துப் பேசலாம்னு."

அவள் கைகூப்பினாள். "நான் வாயத் தொறக்கல. ஒங்களுக்கு எப்படித் தெரிஞ்சது?"

"தெரியும். அன்னைக்கு நீ அழுதத மேலேயிருந்து பாத்தேன்."

"ஆமா. நீங்க தல சாஞ்சீங்கல்லா, அப்பமே எனக்கு இந்த ஒலகத்துல ஒண்ணும் வேண்டாம்னு ஆயிட்டு. சினிமாப் பாட்டுப் புத்தகத்த எல்லாம் அடுப்புல போட்டுட்டேன். மடத்துல மதர்ட்ட பேசிட்டேன். மே மாசம் கன்னியாஸ்திரீயா வந்து சேருன்னுட்டாவ. அய்யாதான் மாட்டேன்னு ஒத்தக் கால்ல நிக்காவ."

கஸ்பார் குடத்தைப் பார்த்தான்.

"பங்குச் சாமியார் வந்து சொன்னாவ, அய்யா கேக்கல" என்றாள் விக்டோரியா. "ஒங்க பேச்சுன்னா தட்ட மாட்டாவ. இப்பம் வீட்டுலதான் இருக்காவ. வந்து ஒரு வார்த்த சொல்லுதீங்களா?"