பெயர் போடாத கடிதங்கள்

கதைக்காரர் தோர்வால் பிரிங்குக்கு இந்த வாரம் தாண்டாது என்று டாக்டர் கைவிரித்துவிட்டார். ஸ்வென்போர்க் ஊரே கலங்கிப்போனது. ரொட்டிக்கடை அபெலோனேவுக்கு மட்டும் அழ நேரமில்லை. அவர் கண் மூடுமுன் அவரிடம் ஒன்று சொல்லியாக வேண்டும்.

ஈஸ்டர் நெருங்கினால் எங்கள் பக்கம் காகிதத்தைப் பூவேலையாகக் கத்தரித்து, நாலு வரிப் பாட்டெழுதி, பனிக்குள்ளேயே பூக்கும் வெள்ளைப் பூ ஒன்றை வைத்து அனுப்புவார்கள். பெயர் எழுதக் கூடாது, பெயரில் எத்தனை எழுத்தோ அத்தனை புள்ளிகள்தான். யார் அனுப்பியது என்று கண்டுபிடித்துவிட்டால் ஆட்டம் முடிந்தது. முப்பத்தொரு வருடம் அபெலோனேவுக்கு அப்படி ஒரு கடிதம் தவறாமல் வந்தது. அந்தக் கத்தரி வேலை யாருடையது என்று குருடனும் சொல்வான். அவளோ, தோர்வால் காதில் விழும்படியே, “இந்த வருஷமும் தபால்காரன் சேட்டைதான்!” என்று சிரிப்பாள். ராஜா முன் நின்று கதை சொன்ன மனிதர், வாயைத் திறக்காமல் கறுப்பு ரொட்டியை வாங்கிக்கொண்டு போவார். இரண்டு பேரும் கல்யாணமே செய்துகொள்ளவில்லை. முட்டாள்கள், வேறென்ன சொல்ல!

இந்த வருடம் கடிதம் வரவில்லை. அபெலோனே கடையைப் பூட்டிவிட்டு அவர் வீட்டுக்குப் போனாள்.

“ரொட்டியா கொண்டு வந்தே? அவருக்குத் தண்ணியே எறங்கல,” என்றாள் வேலைக்காரி குன்ஹில்.

“அஞ்சு நிமிஷம் விடு, தாயே.”

கட்டிலருகே உட்கார்ந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். “தோர்வால், அதெல்லாம் நீ அனுப்பினதுதான். மொத வருஷமே எனக்குத் தெரியும்.”

அவர் அவள் பக்கம் தலையைத் திருப்பினார். “தபால்காரன்னியே?”

“பொய்தான். கண்டுபிடிச்சுட்டேன்னா அடுத்த வருஷம் வராதோன்னு பயம். அதுக்காகவே வருஷம் பூரா காத்திருப்பேன், தெரியுமா?”

“உனக்குத் தெரியலைன்னு நெனச்சேன், அபெலோனே.” “தெரியாதவ மேல என்ன வருத்தம்னு மனசைத் தேத்திக்கிட்டேன். என் கதையில வர்றவங்க எல்லாம் அப்படித்தான் தேத்திக்குவாங்க. ஊர் ஊரா கொழந்தைங்க அதைப் படிச்சு அழுதுச்சுங்க.”

“நானும் அழுதேன்.”

“தெரிஞ்சிருந்துமா?”

அவர் கையை விடுவித்துக்கொள்ளவில்லை. முகத்தை மட்டும் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார். அவள் கெஞ்சினாள், மன்னிக்கச் சொன்னாள், உன்னைத்தான் நேசித்தேன் என்று முப்பத்தொரு வருடம் சொல்லாததையெல்லாம் சொன்னாள். பிடித்திருந்த கை சில்லிட்டுப் போகும்வரை அவர் அவள் பக்கம் திரும்பவேயில்லை.