நீலப் புள்ளிகளின் ஊற்று

நுண்ணோக்கியின் குமிழை இம்மியளவு திருப்பியதும், கருவறைத் திரை விலகினாற்போல் காட்சி தெளிந்தது. செம்மை படர்ந்த குருதி வட்டங்கள். அவற்றின் மேனியெங்கும் மணல் தூவினாற்போல் நீலப் புள்ளிகள். நோய்க்குறியியல் மருத்துவர் தமிழினி கண்ணை எடுக்காமல் பார்த்தாள். பாடநூலில் படமாகக் கண்டதைக் கண்ணெதிரே காண்பது அவளுக்கு இதுவே முதன்முறை.

அது அனகாபுத்தூர் ஞானம்மாளின் இரத்தம். வயிறு விட்டுவிட்டு முறுக்கிப் பிழிய, தாம்பரத்திலுள்ள இந்த மருத்துவமனைக்கு அவரை அழைத்து வந்திருந்தார்கள். எந்த ஸ்கேன் படத்திலும் காரணம் பிடிபடவில்லை. எனவே பிற்பகலில் வயிற்றைத் திறந்தே பார்த்துவிடுவதென்று அறுவை மருத்துவர் மோகன்ராஜ் முடிவு செய்திருந்தார். இப்போது உச்சிப்பொழுது.

தமிழினி லிஃப்டுக்குக் காத்திராமல் மோகன்ராஜின் அறைக்குப் படியேறினாள்.

“சார், அந்தம்மா ரத்தத்துல நீலப் புள்ளி. உடம்புல ஈயம் ஏறியிருக்கு. வலி அதனாலதான். வயித்தைத் திறந்தா உள்ள ஒண்ணும் இருக்காது.”

மோகன்ராஜ் தேநீரை உறிஞ்சினார். “நீலப் புள்ளியா? வேற ரத்த நோய்லயும் வருமே. ஈயம் எவ்ளோன்னு ரிப்போர்ட் இருக்கா?”

“வெளி லேபுக்கு அனுப்பணும். நாளைக்குத்தான் வரும்.”

“அதுக்குள்ள குடல் அழுகிட்டா பதில் சொல்லப்போறது நான். சரி, ஈயம்னே வெச்சுக்குவோம். எங்கேர்ந்து வந்தது? அதைக் காட்டுங்க, கேஸைத் தள்ளி வைக்கிறேன்.”

நியாயமான கேள்வி. கிளையைக் கண்டவள் வேரைக் காட்டியாக வேண்டும்.

வார்டில் ஞானம்மாள் வலி தணிந்து சாய்ந்திருந்தார். அருகே கணவர் சின்னப்பன், ஷேர் ஆட்டோ ஓட்டுநர், காக்கிச் சட்டையோடு நின்றிருந்தார்.

“நீங்க என்ன வேலைக்குப் போறீங்கம்மா?” என்றாள் தமிழினி.

“வேலைக்குலாம் போவல டாக்டரம்மா. வூட்லதான் கீறேன்.”

“வீட்டுக்கு பெயின்ட் அடிச்சீங்களா? பக்கத்துல பழைய பாட்டரி உடைக்கிறாங்களா? நாட்டு மருந்து ஏதாவது சாப்பிட்டீங்களா?”

“அதெல்லாம் இல்ல. இவரு ஆட்டோ புகை ஒண்ணுதான் உள்ள போவுது.”

“வந்துட்டாய்யா ஆட்டோவுக்கு,” என்றார் சின்னப்பன். “கல்யாணம் ஆன நாள்லேர்ந்து எது வந்தாலும் என் ஆட்டோதான் டாக்டரம்மா காரணம்.”

சமைக்கும் பாத்திரம், குடிக்கும் நீர், பூசும் மை என்று தமிழினி தட்டிய கதவெல்லாம் மூடியே இருந்தது. அதற்குள் செவிலி ஜெரூஷா வந்துவிட்டாள்.

“அக்கா, கம்மல் மூக்குத்தியெல்லாம் கழட்டிக் குடுங்க. தியேட்டருக்கு நேரமாவுது.”

ஞானம்மாள் எழுந்து உட்கார்ந்தார். இடக் கம்மலின் திருகைக் கழற்றினார். அது தொலையாதிருக்க வாயில் போட்டுக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டார். வலக் கம்மலின் திருகும் அதைத் தொடர்ந்தது. பின்னர் மூக்குத்தியின் திருகு.

“பத்திரமா வெச்சுக்கய்யா. போன தபா மாதிரி சீட்டு அடில தேட வெக்காத,” என்று கணவரிடம் சொன்னபோது ஒரு சொல்கூடக் குழறவில்லை. அடுத்த கணம் அவருடைய நாக்கு ஒரே ஒரு திருகை மட்டும் பிரித்து உதட்டு நுனிக்குக் கொண்டுவந்தது.

தமிழினி அந்த உதட்டையே பார்த்தாள்.

“வாயில இவ்ளோ லாகவமா அடக்கிக்கிறீங்களே. பாக்கு போடுற பழக்கமா?”

“பாக்கு எனக்கு ஆவாது. குண்டு அடக்கி அடக்கிப் பழக்கம்.”

“என்ன குண்டு?”

“வலை குண்டுதான், வலை தண்ணில முங்கறதுக்குக் கோக்கறது. ஏரில மீன் புடிக்கிறவங்களுக்கு வீச்சுவலை கோத்துக் குடுக்கறோம்ல. ரெண்டு கையிலயும் நூலு கீது. குண்ட வாயில போட்டுக்கினா, ஒண்ணொண்ணா தள்ளி நூல்ல பல்லால கடிச்சு அமுக்கிடலாம்.”

“வேலை இல்லன்னீங்களே அம்மா.”

“அது ஒரு வேலையா? டிவி பாத்துக்கினே செய்யறது.”

“குண்டு எதுல செஞ்சது?”

“ஈயந்தான்,” என்றார் சின்னப்பன். “இரும்புன்னா துருப்புடிச்சுடும்ல.”

தமிழினி கைவிளக்கை எடுத்தாள். “வாயைத் திறங்கம்மா.”

கைவிளக்கின் ஒளியில் ஈறு தெரிந்தது. பல் முளைத்த வரம்பு நெடுக, மை தீட்டினாற்போல் மெல்லிய கருநீலக் கோடு. ஈயம் எழுதிய எழுத்து அது. நாளைய அறிக்கைக்குக் காத்திராமல் இன்றே படிக்கக் கிடைத்த எழுத்து. அவள் வாய்விட்டுச் சிரித்துவிட்டாள்.

அழைப்பைக் கேட்டு வந்த மோகன்ராஜ், கதையைக் கேட்டபடியே குனிந்து உதட்டை விலக்கிப் பார்த்தார். இன்னொரு முறையும் பார்த்தார். பிறகு கைப்பேசியை எடுத்து, “தியேட்டரா? ஞானம்மாள் கேஸ் இன்னைக்கு இல்ல,” என்றார். திரும்பித் தமிழினியிடம், “அந்த ஸ்லைடை எடுத்து வைங்க மேடம். நானும் பார்க்கணும்.”

“அப்போ கத்தி இல்லியா சார்?” என்றார் ஞானம்மாள்.

“இல்லம்மா. ஈயத்தை வெளியேத்த மருந்து இருக்கு. குண்டு மட்டும் இனிமே வாய்ப்பக்கம் போகக் கூடாது.”

மலரத் தொடங்கிய ஞானம்மாளின் முகம் பாதியில் நின்றது. “எதிர்வூட்டு ரத்தினபாயும் என்கூடத்தான் கோக்குது. அதுக்கும் வயிறு முறுக்குதுன்னு சொல்லிக்கினு இருந்துச்சே.”

சின்னப்பன் அதற்குள் எண்ணை அழுத்தி ஒலிபெருக்கியில் போட்டுவிட்டார்.

“இன்னா ஞானம், ஆபரேசன் முடிஞ்சுதா?” மறுமுனைக் குரல் பளிங்காய்த் தெளிந்திருந்தது.

“ரத்தினா, வாயில கீறத மொதல்ல துப்பு. அப்பால பேசு.”

“இப்பத்தானே ஒரு புடி போட்டேன். இன்னாத்துக்கு?”

“துப்புடி, சொல்றேன்.”

வார்டே காதாகி நின்றது. பின்பு, தொலைவில் ஒரு தகரத் தட்டில் ஈயம் விழும் ஓசை, கோடை மழையின் முதல் துளிகளைப்போல் ஒன்றன்பின் ஒன்றாக வந்து ஓய்ந்தது.

“இன்னும் கீதா?”

“ஒண்ணு கீது.”

“அதையும்.”

டங்.