மீட்டர் முத்தாயி பேரில்

"அக்கா, உங்க வீட்டுக்கு யாரு தலைவர்?"

போர்ட்டிக்சனில் ஓர் அரசாங்க அலுவலகத்தில், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த பெண் ஒருநாள் முத்தாயியிடம் இப்படிக் கேட்டாள். அவள் புருஷன் வீரமுத்து செத்து அப்போது ஒரு வருடம்கூட ஆகவில்லை. முத்தாயி வாயைத் திறப்பதற்குள் பக்கத்தில் நின்ற கொழுந்தன் சன்னாசி முந்திக்கொண்டான்.

"இவங்கதாம்மா. எங்க அண்ணி. அண்ணன் தவறிட்டாரு. புள்ளைங்களும் கெடையாது, வருமானமும் கெடையாது. நாங்க சும்மா இவங்களுக்குத் தொணையா இருக்கோம் லா."

அவன் சொன்னது தலைகீழ். வீடு சன்னாசி வாங்கியது. வீரமுத்து போனதும், அவன் வேலை பார்த்த தோட்டத்தின் வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிட்டார்கள். முத்தாயி ஒரு துணிப்பையோடும், வீரமுத்து வாங்கி வைத்திருந்த மேசை விசிறியோடும் கொழுந்தன் வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். ஆனால் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டி நன்றாகச் சம்பாதிக்கிறவன் பெயரில் அரசாங்கத்துப் பந்துவான் என்கிற உதவி கிடைக்காது. வருமானமில்லாத விதவை பெயரில் கிடைக்கும். கரண்டு மீட்டரை அவள் பெயருக்கு மாற்றினார்கள். அதற்குப் பிறகு மாதாமாதம் கரண்டு பில்லில் ஒரு பங்கை அரசாங்கமே கழித்துக்கொண்டது.

அன்றைக்கு வீடு திரும்பும்போது சுவா சாலை முனைக் கடையில் சன்னாசி அவளுக்கு ஒரு பொட்டலம் மீ கோரேங் நூடுல்ஸ் வாங்கிக் கொடுத்தான். அவனாக அவளுக்கு வாங்கிக் கொடுத்தது அது ஒன்றுதான்.

முத்தாயியின் இடம் சமையலறைக்குப் பின்னால், தகரக் கூரை போட்டு இழுத்துக் கட்டிய சாமான் அறை. சமையல் கேஸ் தோங், அரிசி மூட்டை, சன்னாசியின் மகள் ரோகினி சின்ன வயதில் ஓட்டிய சைக்கிள், இவற்றுக்கு நடுவில் ஒரு பாய். மேலே ஒரு பல்பு. அதன் சுவிட்சு அறைக்கு வெளியே, சமையலறைச் சுவரில் இருந்தது. சன்னாசியின் மனைவி திலகா படுக்கப் போகும்போது சமையலறை விளக்கோடு அதையும் அணைத்துவிட்டுப் போவாள். உள்ளே ஓர் ஆள் இருப்பதை மறந்து அணைப்பாள் என்றும் சொல்ல முடியாது, நினைத்து அணைப்பாள் என்றும் சொல்ல முடியாது.

மீட்டர் பெயர் மாறிய வாரமே சன்னாசி அந்த மேசை விசிறியின் பிளக்கை வெட்டி எடுத்தான்.

"பில்லு ஒங்க பேர்ல வருது, அண்ணி. ஏறிச்சுன்னா பந்துவான நிப்பாட்டிருவானுங்க. அப்புறம் எல்லாருக்கும் கஷ்டம்."

முத்தாயி நம்பினாள். போன வருடம் கூடத்தில் ஏர்கோன் மாட்டினார்கள். பில் ஏறியது. உதவி நிற்கவில்லை. உதவிக்கு மேல் வந்த பணத்தைச் சன்னாசி கட்டினான். அப்போது ஒரே ஒரு தடவை அவள் திலகாவிடம் கேட்டாள்.

"அந்த ஃபேனுக்கு ஒரு பிளக்கு போட்டுக்கட்டுமா, திலகா?"

திலகா சிரித்துவிட்டாள்.

"தனியா படுக்குற பொம்பளைக்கு எதுக்குக்கா ஃபேனு?"

முத்தாயி வேர்த்த கழுத்தைத் துடைத்துக்கொண்டாள். அதற்குப் பிறகு அவள் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்றும் தோன்றவில்லை. தகரம் காய்ந்து அறை கொதிக்கிற மத்தியானங்களில் விசிறியின் இறக்கையைக் கையால் சுற்றிவிடுவாள். இரண்டு சுற்று ஓடி நின்றுவிடும்.

தோட்டத்தில் அடுத்த வீட்டில் இருந்த செல்லம் இப்போது ரெம்பாவில் ஒரு பள்ளிக்கூடக் கேண்டீனில் சமைக்கிறாள். கோயிலில் பார்க்கும்போதெல்லாம் சொல்வாள்.

"வந்துரு லா, முத்தாயி. ஒரு ரூமு சும்மா கெடக்கு. கேண்டீன்லயும் ஆளு பத்தல. ஒண்ணும் கொண்டார வேணாம், அந்த ஃபேன மட்டும் தூக்கிட்டு வா. பிளக்கு நான் மாட்டித் தரேன்."

முத்தாயி ஒவ்வொரு தடவையும் தலையாட்டினாள்.

அந்தச் சனிக்கிழமை ரோகினிக்குப் பரிசம். சன்னாசி திலகாவின் ஒரே பெண். தோட்டத்தில் இருந்த காலத்திலேயே, கைக்குழந்தையிலிருந்து அவளைத் தூக்கி வளர்த்தது முத்தாயி. விடியும் முன்பே எழுந்து மல்லிகைச் சரம் கட்டியதும், பிரியாணி தாளித்ததும், கேசரி கிண்டியதும் முத்தாயிதான். வேலை முடிகிற நேரத்தில் திலகா வந்து நின்றாள். பட்டுச்சேலை, நெற்றியில் பெரிய குங்குமம்.

"அக்கா, அவங்க வந்துட்டுப் போற வரைக்கும் இந்தப் பக்கமே இருந்துக்கிங்க. தப்பா எடுத்துக்காதிங்க. நல்ல காரியம்."

"சரி."

"பின்னால வாசல்லயும் நிக்காதிங்க. காரு அந்தப் பக்கமா சுத்தித்தான் வரும்."

"சரி, திலகா."

ரோகினி கூந்தலைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடி வந்தாள். "பெரியம்மா, பூவ நீங்களே வச்சு விடுங்களேன். அம்மா வச்சா கோணலா வைக்குறாங்க."

சரத்தை எடுத்த முத்தாயியின் கை பாதியில் நின்றது. திலகா அதை வாங்கிக்கொண்டாள். "முன்ன போ, நான் வைக்கிறேன். மேக்கப்லாம் கரையுது பாரு இந்தச் சூட்டுல."

ரஹாங்கிலிருந்து இரண்டு கார்களில் மாப்பிள்ளை வீட்டார் வந்தார்கள். குளிர் வெளியே போகாமலிருக்கச் சமையலறைக் கதவைச் சாத்தினார்கள். முத்தாயி கதவுக்கு இந்தப் பக்கம் முக்காலியில் உட்கார்ந்து சத்தங்களைக் கேட்டாள்.

"என்ன லா சம்பந்தி, கேமரன்மலைக்கு வந்த மாதிரி இருக்கு!" மாப்பிள்ளை முகுந்தனின் அப்பாவாக இருக்க வேண்டும். "இப்பிடி ஏர்கோனு ஓடுனா பில்ல எப்பிடிக் கட்டுறீங்க?"

"அதெல்லாம் கடவுள் பாத்துக்குறாரு," என்றான் சன்னாசி. எல்லோரும் சிரித்தார்கள்.

தட்டுகளைப் பரப்பும் நேரத்தில் வாசலில் ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. கழுத்தில் அட்டை தொங்க, கையில் தாப்லெட்டோடு ஓர் இளம்பெண் இறங்கினாள். பெயர் தர்ஷிகா. உதவி பெறுகிற வீடுகளை நேரில் பார்த்துப் பதிகிற வேலை அவளுக்கு. வருகிற நாளைச் சொல்லிப் போன வாரமே திலகாவின் போனுக்குத் தகவல் அனுப்பியிருந்தார்கள். பரிச வேலையில் திலகா அதைப் படிக்கவில்லை.

சன்னாசி வாசலுக்கே போய் மறித்தான். "இன்னிக்கி வேணாம்மா. வீட்ல விசேஷம். அடுத்த வாரம் வாங்களேன்."

"சாரி அண்ணே, தெரியாம வந்துட்டேன். ஆனா இன்னிக்கித்தான் கடைசி. வீட்டுத் தலைவிய நேர்ல பாக்கணும், ஒரு படம் எடுக்கணும், அவ்வளவுதான். பாக்க முடியலன்னா பந்துவான் நின்னுரும்."

பேச்சு கூடம் வரை கேட்டது. மாப்பிள்ளையின் அம்மா மாரியம்மா தலையை நீட்டிப் பார்த்தாள். சன்னாசி திலகாவைப் பார்த்தான். திலகா எழுந்து சமையலறைக்குள் வந்து கதவைச் சாத்தினாள்.

"அக்கா, எழுந்திரிங்க. அந்தச் சேலைய நல்லா இழுத்து விடுங்க. மூஞ்சியத் தொடைங்க."

முத்தாயி எழுந்தாள். திலகா சுற்றும்முற்றும் பார்த்தாள். கை கழுவும் தொட்டிக்கு மேலே இருந்த கண்ணாடியில் அவள் குளிக்கும் முன் எடுத்து ஒட்டி வைத்த சிவப்பு ஸ்டிக்கர் பொட்டு ஒன்று இருந்தது. அதைப் பிய்த்து முத்தாயியின் நெற்றியில் வைத்துக் கட்டை விரலால் அழுத்தினாள்.

"வெறும் நெத்தியோட அவங்க முன்னால வந்து நிக்க முடியாதுக்கா. யாரும் கேட்டா தூரத்துச் சொந்தம்னு சொல்லிக்கலாம். அந்தப் பொண்ணு கேக்குறதுக்கு மட்டும் ஆமான்னு சொல்லுங்க. வேற பேசாதிங்க."

வீரமுத்து இறந்த பிறகு அந்த இடத்தை யாரும் தொட்டதில்லை. முத்தாயி ஒன்றும் நினைக்கவில்லை. திலகாவின் விரல் அழுத்தியது மட்டும் வெகுநேரம் அங்கேயே இருந்தது.

கூடத்துக்குள் வந்ததும் குளிர் அவள் வேர்த்த கழுத்தில் பட்டது. ஈரச்சேலை உடம்போடு ஒட்டிக்கொண்டது. மாரியம்மா முகம் மலர்ந்து நகர்ந்து இடம் கொடுத்தாள்.

"வாங்கக்கா, வாங்க. இவ்வளவு நேரம் அடுப்படியிலயா இருந்தீங்க? வாசனை ரஹாங் வரைக்கும் வருது லா! இங்க மூத்தவங்க நீங்கதான் போல. அப்ப மொதல்ல நீங்களே பொண்ணுக்குக் குங்குமம் வச்சு விடுங்க."

குங்குமக் கிண்ணம் அவளை நோக்கி வந்தது. ரோகினி நிமிர்ந்து பெரியம்மாவின் நெற்றியைப் பார்த்தாள். அவள் கண் கலங்கியது. திலகா ஏதோ சொல்ல வாயெடுத்தாள்.

அதற்குள் தர்ஷிகா தாப்லெட்டைப் பார்த்துப் படித்தாள். சத்தமாக, தெளிவாகப் படித்தாள். அப்படிப் படிப்பதுதான் அவள் வழக்கம்.

"முத்தாயி. வீட்டுத் தலைவி. விதவை. கணவர் பேரு வீரமுத்து, இறந்துட்டாரு. மீட்டரு உங்க பேர்ல. எல்லாம் சரிதானே, அக்கா?"



மாரியம்மாவின் கை கிண்ணத்தோடு பின்னால் போனது. எல்லோரும் அந்தப் பொட்டைப் பார்த்தார்கள். தர்ஷிகாவுக்கு ஒன்றும் புரியவில்லை.

"ஆமா," என்றாள் முத்தாயி.

"நீங்க படுக்குற ரூம்ல என்னென்ன கரண்டு சாமான் இருக்கு?"

"பல்பு."

"ஃபேன்?"

"இருக்கு. பிளக்கு இல்ல."

"பாக்கலாமா அக்கா?"

முத்தாயி கதவைத் திறந்துகொண்டு முன்னால் நடந்தாள். தர்ஷிகா பின்னால் போனாள். கதவு திறந்தே கிடந்தது. கூடத்திலிருந்தே அரிசி மூட்டையும் பாயும் தெரிந்தன. தர்ஷிகா உள்ளே ஒரு நிமிடம்கூட நிற்க முடியாமல் வெளியே வந்து முகத்தைத் துடைத்தாள். சுவிட்சைத் தேடினாள். அது வெளிச்சுவரில் இருப்பதைப் பார்த்து அதையும் ஒரு படம் எடுத்துக்கொண்டாள்.

"இது யாரு போட்டு அணைக்கிறது, அக்கா?"

முத்தாயி திலகா இருந்த பக்கம் பார்த்தாள்.

"இந்த உதவி உங்களுக்குத்தான் அக்கா குடுக்குறாங்க," என்றாள் தர்ஷிகா தணிந்த குரலில். "வேற எடத்துக்குப் போனாலும் சொல்லுங்க. அங்க மாத்தி எழுதலாம்."

கூடத்தில் மாரியம்மாவின் குரல் உயர்ந்திருந்தது.

"எங்ககிட்ட ஒரு வார்த்த சொல்லிருக்கணுமா வேணாமா? அந்தம்மா கையால குங்குமம் வைக்கப் பாத்தேனே! நல்ல நேரத்துல இது என்ன வேல?"

"தப்புதான், சம்பந்தி," என்றான் சன்னாசி. கையைக் கூப்பியிருந்தான். "மன்னிச்சிருங்க. பெரிய தப்புதான்."

பொட்டு வைத்ததற்குத்தான் அந்த மன்னிப்பு. திறந்து கிடந்த கதவு வழியே அந்த அறையை எல்லோரும்தான் பார்த்தார்கள். அதைப் பற்றி யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

தர்ஷிகா பார்த்ததைப் பதிந்துகொண்டு சன்னாசியின் முகத்தைப் பார்க்காமல் வெளியே போனாள். மோட்டார் சைக்கிள் சத்தம் தெருவில் தேய்ந்தது. "முதல்ல அந்தப் பொட்ட எடுக்கச் சொல்லுங்க," என்றாள் மாரியம்மா.

திலகா வேகமாக வந்தாள். "குனிங்கக்கா. எடுத்துர்றேன்."

அவள் கை நெற்றிக்கு வந்தது. முத்தாயி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கை அந்தரத்தில் நின்றது. இதுவரை முத்தாயி அவளிடம் எதற்கும் முகம் திருப்பியதில்லை. முத்தாயி சாமான் அறைக்குள் நுழைந்தாள். திலகா கதவைச் சாத்திவிட்டு வந்து, "போய்ட்டாங்க, நீங்க ஆரம்பிங்க," என்றாள். மாப்பிள்ளையின் அப்பா தொண்டையைச் செருமிக்கொண்டு தட்டைத் தூக்கினார்.

கதவு மறுபடி திறந்தது.

முத்தாயி ஒரு கையில் துணிப்பையும், இன்னொரு கையில் அணைத்துப் பிடித்த மேசை விசிறியுமாக வந்தாள். நெற்றியில் பொட்டு அப்படியே இருந்தது. பின்வாசல் அவளுக்கு ஓர் எட்டில் இருந்தது. அவள் கூடத்தின் நடுவே நடந்தாள். விசிறியின் வயர் பின்னால் இழுபட்டு வந்தது. வெட்டுப்பட்ட முனை கூடத்துப் பாயில் ஊர்ந்து குங்குமக் கிண்ணத்தைத் தொடப் போனபோது மாரியம்மா தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"பெரியம்மா," என்று எழுந்தாள் ரோகினி. தலையில் பூ கோணலாக இருந்தது. முத்தாயி அவளைப் பார்த்தாள். கைகள் இரண்டிலும் சாமான் இருந்தது. நடந்தாள்.

அவள் செருப்பு பின்வாசலில் கிடந்தது. முன்வாசலில் செருப்பு விட அவளுக்கு இடமிருந்ததில்லை. வெறுங்காலோடு வெயிலில் இறங்கினாள். ரெம்பா பஸ் நிற்கும் இடம் செம்பனை மரங்களுக்கு அப்பால் இருந்தது.

சன்னாசி வாசல்வரை ஓடி வந்தான்.

"அண்ணி! எங்க போறீங்க? அண்ணி, மீட்டரு ஒங்க பேர்ல இருக்கு!"

முத்தாயி செம்பனை மரங்களை நோக்கி நடந்தாள். வயர் முனை தார் ரோட்டில் உரசிக்கொண்டே போனது.